சாவுப் போட்டோவிலிருந்து எழுந்து போனவர்கள்

எட்டாங்கட்டை ரப்பர் தோட்டத்தில் சாதாரண நாளில் யாரும் போட்டோ எடுத்துக்கொண்டதில்லை. கேமரா வைத்திருந்த வீடு அங்கே ஒன்றுகூட இல்லை. குருண் டவுனில் இருந்த சீனர் ஸ்டூடியோவிலிருந்துதான் ஆள் வர வேண்டும். அவரும் இரண்டே காரியங்களுக்குத்தான் மோட்டார் சைக்கிளைத் தோட்டத்துக்குள் ஓட்டிக்கொண்டு வருவார். கல்யாணம் என்றால் பெண், மாப்பிள்ளை, பெற்றவர்கள் நின்றால் போதும். சாவு என்றால் வரிசை வீட்டு லயமே வந்து நிற்கும். பெட்டியை நடுவில் வைத்து, வீட்டுக்காரர்கள் அதன் பக்கத்தில் உட்கார்ந்து, மற்றவர்கள் பின்னால் வரிசை வரிசையாக நின்று, பிள்ளைகளை முன்னால் இழுத்துவிட்டு, எல்லாரும் கேமராவைப் பார்ப்பார்கள். போனவரோடு சேர்ந்து எடுத்துக்கொள்ளும் கடைசிப் படம். எங்கள் வீடுகளில் அதற்குச் சாவுப் போட்டோ என்று பெயர்.

அந்தத் தோட்டம் இப்போது இல்லை. கம்பெனி கைமாறியது. பால்மரங்களைச் சாய்த்துச் செம்பனை போட்டார்கள். பிறகு செம்பனையையும் சாய்த்துக் கிடங்குகள் கட்டினார்கள். ஆட்கள் குருணுக்கும் பெண்டாங்குக்கும் ஜித்ராவுக்கும் போய்விட்டார்கள். அவர்களெல்லாம் ஒன்றாக நிற்பதைப் பார்க்க வேண்டுமென்றால் சாவுப் போட்டோவில்தான் பார்க்க முடியும். ஒரு தோட்டமே அந்தப் படங்களில் இருக்கிறது. ஆனால் ஒருவர்கூடச் சிரிக்கவில்லை.

இதை எனக்குச் சொன்னவர் நளினி அக்கா. குருண் தாமான் குடியிருப்பில் எங்கள் வீட்டுக்கும் அவர் வீட்டுக்கும் ஒரே சுவர். அவர் கார்ட்டூன் படம் செய்கிறவர். எந்த டிவியில் வரும் என்று கேட்கிறவர்களுக்குச் சலிக்காமல் “இன்னும் வரல” என்று பதில் சொல்வார்.

அவர் எட்டாங்கட்டையில்தான் பிறந்தார். ஆனால் கைக்குழந்தையாக இருந்தபோதே அவருடைய அப்பா தொழிற்சாலை வேலைக்கு வந்துவிட்டதால் தோட்டத்தைப் பற்றி அவருக்கு ஒன்றுமே ஞாபகமில்லை. படித்து முடித்ததும் கோலாலம்பூரில் ஒரு ஸ்டூடியோவில் வேலை செய்தார். வெளிநாட்டுக் கார்ட்டூன்களுக்குப் பின்னணி வரைகிற வேலை. பல வருடங்கள் பனி பெய்கிற தெருக்களாகவே வரைந்தாராம். பனியை அவர் பார்த்ததே கிடையாது. அம்மாவுக்கு டயாலிசிஸ் தொடங்கியபோது குருணுக்குத் திரும்பி வந்தார். அம்மா போன பிறகும் இங்கேயே இருந்து, அதே ஸ்டூடியோவுக்கு வீட்டிலிருந்தபடி வரைந்து அனுப்புகிறார். மிச்ச நேரத்தில் தன் சொந்தப் படம்.

அந்தப் படம் அம்மாவின் சாவில்தான் ஆரம்பித்தது. மாலை போட்டு வைக்க ஒரு போட்டோ வேண்டும் என்று அலமாரியைத் திறந்தபோது, துணிகளுக்கு அடியில் சாவுப் போட்டோக்கள் ஒரு கட்டாக இருந்தன. தோட்டத்தில் யார் இறந்தாலும் போட்டோவில் நின்ற வீட்டுக்கெல்லாம் ஒரு பிரதி கொடுக்கிற வழக்கம் இருந்தது. அவற்றில் அம்மா எல்லாப் படத்திலும் இருந்தார். ஒன்றில் பாவாடை தாவணி, ஒன்றில் தாலி, ஒன்றில் கையில் நளினி அக்கா.

“எங்கம்மாவோட இருவது வயசு மூஞ்சி எனக்குக் கெடச்சிருச்சு. ஆனா அது அழுதுகிட்டேதான் இருக்கு” என்றார் ஒரு நாள் துணி காயப்போட்டுக்கொண்டே.

அந்த மூஞ்சியை அழாமல் பார்க்க வேண்டும். அவருடைய படம் அவ்வளவுதான். கதை என்று பெரிதாக எதுவும் இல்லை. ஒரு சாவுப் போட்டோ. அதில் நிற்கிறவர்கள் ஒவ்வொருவராக அசைந்து, வரிசையை விட்டு விலகி, தங்கள் வேலையைப் பார்க்கப் போகிறார்கள்.

என்ன வேலை என்பதை அவர் கற்பனை செய்ய மாட்டார். அதில் மட்டும் பிடிவாதம். போட்டோவில் உள்ள ஒவ்வொருவருக்கும் அவரை அறிந்த ஒருவரைத் தேடிப் பிடித்து ஒரே கேள்வியைக் கேட்பார்: “அழாதப்ப இவங்க என்னா பண்ணிக்கிட்டு இருப்பாங்க?” முதலில் எல்லாரும் பால் வெட்டுவாங்க, சமைப்பாங்க என்றுதான் சொல்வார்கள். அவர் சும்மா உட்கார்ந்திருப்பார். கொஞ்ச நேரம் கழித்துத்தான் உண்மையான பதில் வரும். ஒருவர் தட்டைக் கையில் ஏந்தி வாசலில் நின்றபடியேதான் சாப்பிடுவாராம். ஒரு பெண் வேலை முடிந்து வந்ததும் பூட்ஸைக் கவிழ்த்துத் தட்டி, அட்டைப்பூச்சி விழுகிறதா என்று பார்ப்பாராம். ஒரு கிழவர் தன் கோழிகளுக்கு ஆபீஸில் கணக்கு எழுதுகிற கிராணிமாரின் பெயரை வைத்து, தினமும் சாயங்காலம் அவர்களைத் திட்டிக் கூண்டில் அடைப்பாராம். தன் அம்மாவைப் பற்றிக் கேட்டபோது வந்த பதில்: “ஒங்கம்மாவா? பேசிக்கிட்டே இருக்கும். வேற என்னா.” நளினி அக்காவுக்குத் தெரிந்த அம்மா அதிகம் பேசாதவர்.

ஒரு நொடிப் படத்துக்குப் பன்னிரண்டு தாள் வரைய வேண்டும். அடியிலிருந்து வெளிச்சம் வருகிற ஒரு பலகை வைத்திருக்கிறார். அதன்மேல் தாளைப் போட்டு, அடியில் இருக்கும் பழைய கோடு தெரியத் தெரிய, புதிய கோட்டை மயிரிழை தள்ளிப் போடுவார். நான் பள்ளியில் எஸ்பிஎம் பரீட்சையை முடித்துவிட்டு என்ன செய்வது என்று தெரியாமல் அலைந்துகொண்டிருந்த சமயம் அது. ஒரு மத்தியானம் முழுக்கப் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தேன். சாயங்காலம் ஆனபோது தாளில் இருந்த பெண் ஒரு காலின் பூட்ஸைத்தான் கழற்றியிருந்தார். எனக்குப் பொறுக்கவில்லை. நளினி அக்கா கழுத்தை ஒரு முறை சொடக்கிவிட்டு அடுத்த தாளை எடுத்தார்.

இப்படி ஆட்களைத் தனித்தனியாக வரைந்துகொண்டே, எந்தப் போட்டோவை வைத்துப் படத்தைச் செய்வது என்று அவர் யோசித்துக்கொண்டிருந்தபோதுதான் இருளப்பன் மாமா வந்தார்.

அவரும் எட்டாங்கட்டையில் இருந்தவர். இப்போது குருணில் ஒரு தொழிற்சாலையில் ஜாகா வேலை பார்க்கிறார். வாசலில் இருக்கிற போண்டோக் கொட்டகையில் உட்கார்ந்து லாரிகளுக்குத் தடுப்புக் கட்டையைத் தூக்கிவிடுகிற காவல் வேலை. ஒரு நாள் அந்தச் சீருடையோடு, கண்ணாடிச் சட்டம் போட்ட ஒரு போட்டோவைத் துண்டில் சுற்றி எடுத்துக்கொண்டு வந்தார். கலர் போட்டோதான். ஆனால் மற்ற நிறமெல்லாம் போய்ச் சிவப்பு மட்டும் மிஞ்சியிருந்தது. நடுவில் சின்னப் பெட்டி. அதில் நெற்றியில் பொட்டோடு ஒரு பெண் பிள்ளை. அவருடைய மகள் உமாராணி. ஐந்து வயதில் காய்ச்சலில் போனவள். பிள்ளைச் சாவு என்பதால் அந்தப் படத்துக்கு மட்டும் மற்ற வீடுகளுக்குப் பிரதி கொடுக்கவில்லை. பிள்ளை இறந்த அன்று லயத்தில் ஒருவரும் பால் வெட்டப் போகவில்லை. அதனால் வேறெந்தப் படத்திலும் இல்லாத அளவுக்கு அதில் கூட்டம் இருந்தது. தோட்டம் முழுக்க அந்தச் சட்டத்துக்குள் நின்றது. வேறு போட்டோவைத் தேட வேண்டியதில்லை என்பது நளினி அக்காவுக்குப் பார்த்ததுமே தெரிந்துவிட்டது.

இருளப்பன் மாமா போட்டோவை மேசையில் வைத்தார். ஆனால் கையை எடுக்கவில்லை.

“எல்லாரையும் எழுப்பி வேலைக்கு அனுப்புறியாமே?”

“ஆமா மாமா.”

“எம்புள்ளய மட்டும் பெட்டியிலேயே வுட்டுருவியா?”

நளினி அக்கா அதுவரை அதை யோசித்திருக்கவில்லை. படுத்திருப்பவரைப் பற்றி யாரும் கேட்டதில்லை.

“அவளயும் எழுப்பு. கண்ணத் தொறக்கணும். நேரா பாக்கணும். கண்ணுல ஒரு கொறையும் இருக்கக் கூடாது. முடியும்னா வச்சுக்க, இல்லன்னா நான் எடுத்துட்டுப் போறேன்.”

கோயில் சிலைக்குக் கடைசியாகக் கண் திறக்கிற மாதிரி அவர் சொல்கிறார் என்று நளினி அக்கா எடுத்துக்கொண்டார். முடியும் மாமா என்றார். அதற்குப் பிறகுதான் அது எவ்வளவு பெரிய வாக்கு என்பது புரிந்தது. உமாராணி கண் திறந்திருக்கிற படம் உலகத்தில் எங்கேயும் இல்லை. பள்ளிக்கூடம் போகிற வயது வருவதற்குள் போய்விட்டதால் வகுப்புப் போட்டோவும் இல்லை. அவளுடைய அம்மா ராக்காயி கோவிட் வந்த வருடத்தில் இறந்துவிட்டார். அந்தக் கண்களை வீட்டில் தினமும் பார்த்தவர் என்று மிஞ்சியிருப்பது அப்பா மட்டும்தான். அவரிடம் கேட்டால், “நல்ல கண்ணு. நேராப் பாக்கும்” என்பதற்கு மேல் வரவில்லை.

நளினி அக்கா மற்றவர்களிடம் கேட்டார். எல்லாரும் ஒரே பதிலைச் சொன்னார்கள். பெரிய கண்ணு, அழகான கண்ணு, அம்மன் கண்ணு. உமாராணியைத் தூக்கி வைத்திருந்தவர்களும் அப்படித்தான் சொன்னார்கள், தூரத்தில் பார்த்தவர்களும் அப்படித்தான் சொன்னார்கள். செத்துப்போன பிள்ளைக்கு எல்லாரும் ஒரே கண்ணைத்தான் வைக்கிறார்கள் என்று அவர் அலுத்துக்கொண்டார்.

வரைந்தார். இருளப்பன் மாமா வேலை முடிந்து வந்து, வெளிக் குழாயில் முகம் கழுவி, தலையைச் சீவிக்கொண்டு, பிறகுதான் உள்ளே போவார். வைத்த தேத்தண்ணியைத் தொட மாட்டார். முதலில் படம். கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, “நல்லா இருக்குமா. ஆனா இது வேற வூட்டுப் புள்ள” என்றார். எது மாறியிருக்கிறது என்று கேட்டால் சொல்லத் தெரியவில்லை. நளினி அக்கா புருவத்தை மாற்றினார், இமையை மாற்றினார், கண்களைச் சற்று உள்ளே தள்ளினார். ஒவ்வொரு தடவையும் முகம் கழுவி, தலை சீவி, வந்து பார்த்து, வேற வூட்டுப் புள்ள. கடைசித் தடவை பார்த்ததும் எழுந்து போய்விட்டார். தேத்தண்ணி அப்படியே இருந்தது.

இதற்குள் கோயில் மண்டபத்தில் படத்தைப் போடுவதென்று நாளும் குறித்தாகிவிட்டது. ஜித்ராவிலிருந்து வருகிறவர்கள் வேன் பேசிவிட்டார்கள். போட்டோவில் இருந்த எல்லாரும் அசைந்து போய்விட்டார்கள். பிள்ளை மட்டும் கண் மூடிப் படுத்திருந்தாள். அவளை அப்படியே விட்டால் இருளப்பன் மாமா மண்டபத்துக்கு வர மாட்டார். வேறொரு பிள்ளையின் கண்ணை வைத்தால் வருவார், பார்ப்பார், அதுதான் இன்னும் மோசம் என்று நளினி அக்கா சொன்னார்.

அப்போதுதான் பெண்டாங்கிலிருந்து புவனேசன் வந்தார். கேஸ் சிலிண்டர் லாரி ஓட்டுகிறவர். நாற்பதைத் தாண்டியவர். போட்டோவில் முன் வரிசையில், சட்டையில்லாமல், மூக்கில் விரல் வைத்து நிற்கும் பையன் அவர்தான். தான் என்ன செய்தபடி வரிசையை விட்டுப் போகிறோம் என்பதைத் தெரிந்துகொள்ள ஆசைப்பட்டு லாரியை நிறுத்திவிட்டு வந்திருந்தார். நூர்தீன் கடையில் ரொட்டி சானாய் சாப்பிட்டுக்கொண்டே பேசலாம் என்று அவரே கூப்பிட்டார். நளினி அக்கா போட்டோவின் பிரதியை மேசையில் வைத்தார். புவனேசன் தன்னைத் தேடிக் கண்டுபிடித்துச் சிரித்தார். பிறகு பெட்டியைப் பார்த்தார்.

“அட, இது நம்ம ஒன்றரக்கண்ணு சாவுலா.”

சொன்ன வாயை உடனே கையால் மூடிக்கொண்டு, கடைக்குள் சுற்றிப் பார்த்தார். கல்லாவில் இருந்த நூர்தீனைத் தவிர அந்தப் பக்கம் யாரும் இல்லை.

“என்னா சொன்னீங்க?”

“ஒண்ணும் சொல்லல.”

“புவனேசண்ணே.”

அவர் கையைத் துடைத்துக்கொண்டார். “தங்கச்சி, எங்கப்பாவுக்கு முன்னாடி ரெண்டு பல்லு கட்டுன பல்லு. யாரு தட்டுனதுன்னு யாரையாச்சும் கேளு.”

தட்டியவர் இருளப்பன் மாமா. உமாராணிக்கு மாறுகண். வலது கண் பார்க்கிற இடத்தில் நிற்கும், இடது கண் மட்டும் வெளிப்பக்கம் ஓடும். தோட்டத்தில் எல்லாருக்கும் ஒரு பட்டப்பெயர் உண்டு. அவளுக்கு ஒன்றரைக்கண்ணு என்று வைத்தார்கள். கள்ளுக்கடையில் புவனேசனின் அப்பா, ஒன்றரைக்கண்ணு எப்படி இருக்கா என்று சாதாரணமாகத்தான் விசாரித்தாராம். அடுத்த நிமிடம் அவர் தரையில் கிடந்தார். அன்றிலிருந்து லயத்தில் யாரும் அந்தப் பெயரை வெளியே சொன்னதில்லை. பிள்ளை போன பிறகு, அந்தக் கண்ணைப் பற்றியே யாரும் பேசியதில்லை.

“நாங்க கெட்டதா கூப்புடல தங்கச்சி. என்னய மூக்குச்சளின்னுதான் கூப்புடுவாங்க. நான் என்னா செத்தா போனேன்?” என்று சொல்லிவிட்டு, சொன்னது சரியில்லை என்று தோன்றி, கோப்பியைக் கலக்கிக்கொண்டிருந்தார். பிறகு மெதுவாகச் சொன்னார்: “அவ ஒன்னப் பாத்தான்னா, பக்கத்துல நிக்கிறவன்தான் ‘என்னா?’ம்பான். அதுக்கே எங்களுக்குள்ள சண்ட. ஒன்னத்தான் பாத்தா, இல்ல என்னத்தான் பாத்தான்னு. அவுங்கப்பா மட்டும் ஏமாறவே மாட்டாரு. அவ தென்ன மரத்தப் பாத்துகிட்டு இருக்கிற மாதிரி இருக்கும், அவரு இந்தப் பக்கத்துலேருந்து ‘இங்கதாம்மா இருக்கேன்’ம்பாரு.”

நான் சொன்னேன்னு சொல்லிறாத என்று கேட்டுக்கொண்டு புவனேசன் லாரியில் ஏறினார்.

நளினி அக்கா அந்த வாரம் எதுவும் வரையவில்லை. கண்ணில் ஒரு குறையும் இருக்கக் கூடாது என்று இருளப்பன் மாமா முதல் நாளே சொன்னதன் அர்த்தம் இப்போது தெரிந்துவிட்டது. அவர் சாமிக் கண்ணைக் கேட்கவில்லை. ஊர் வைத்த பெயர் இல்லாத கண்ணைக் கேட்டார். ஆனால் அப்படி வரைந்து காட்டினால் அது அவருடைய பிள்ளையாக இல்லை. என்ன செய்வது?

ஒரு மத்தியானம் வறுத்த வாழைப்பழப் பொட்டலத்தோடு தொழிற்சாலை வாசலுக்குப் போனார். இருளப்பன் மாமா போண்டோக்கில் இரண்டாவது நாற்காலியைத் துடைத்துப் போட்டார். நளினி அக்கா கண்ணைப் பற்றிக் கேட்கவே இல்லை. கார்ட்டூன்காரர்கள் கேட்கிற கேள்வியைக் கேட்டார்.

“பாப்பா எதையாச்சும் உத்துப் பாக்கும்போது தலைய எப்படி வச்சிருக்கும் மாமா?”

அவர் யோசிக்கவில்லை. வாழைப்பழத்தைக் கையில் வைத்துக்கொண்டே தாடையைக் கீழே இறக்கி, தலையை வலது தோள் பக்கம் சாய்த்து, முகத்தை லேசாகத் திருப்பினார். தோளில் யாரோ பேசுவதைக் கேட்கிற மாதிரி. தொப்பி சரிந்து விழப்போனது. அப்படியே கொஞ்ச நேரம் இருந்தார். பிறகு தான் என்ன செய்துகொண்டிருக்கிறோம் என்பது தெரிந்ததுபோல் தொப்பியைக் கழற்றி மேசையில் வைத்தார்.

“யாரு சொன்னா?”

“யாரும் சொல்லல. கேட்டேன்.”

“மூக்குச்சளி வந்துட்டுப் போனான்னு நூர்தீன் சொன்னாரு.”

ஒரு கன்டெய்னர் லாரி வந்து ஹாரன் அடித்தது. இருளப்பன் மாமா போய்க் கட்டையைத் தூக்கிவிட்டு, அது உள்ளே போகும்வரை பார்த்து, இறக்கிவிட்டு வந்தார். உட்கார்ந்ததும் சாலையைப் பார்த்தபடி பேசினார். கொஞ்சம் வளர்ந்ததும் அலோர்ஸ்டார் ஆஸ்பத்திரியில் நேராக்கிவிடலாம் என்று மருந்து கொடுக்கிற தோட்டத்து டிரெசர் சொல்லியிருந்தாராம். பள்ளிக்கூடத்தில் சேர்ப்பதற்கு முன்னால் செய்துவிட வேண்டும் என்று ராக்காயியும் அவரும் பேசி வைத்திருந்தார்களாம்.

“பள்ளிக்கூடத்துப் பசங்க சும்மா இருக்க மாட்டானுங்கள்ல.” தொப்பியின் விளிம்பைத் தடவினார். “நீயாவது நேராக்கிருவேன்னு நெனச்சேன்.”

“நேராத்தான் வரைஞ்சேன் மாமா. நீங்கதான் வேற வூட்டுப் புள்ளன்னீங்க.”

அவர் தொப்பியை எடுத்துத் தலையில் வைத்துக்கொண்டார். “மண்டபத்துல எவனாச்சும் சிரிச்சா?” என்று கேட்டார்.

“சிரிக்க மாட்டாங்கன்னு நான் சொன்னா நம்புவீங்களா?”

“மாட்டேன்.”

நளினி அக்கா கிளம்புவதற்கு எழுந்தார். எழுந்து நின்றபடி, அவர் காட்டிய மாதிரி தலையைச் சாய்த்துப் பார்த்தார், ஞாபகத்தில் வைத்துக்கொள்வதற்காக. இருளப்பன் மாமா நிமிர்ந்து பார்த்தார்.

“அந்தப் பக்கம் இல்ல. இந்தப் பக்கம்.” கையை நீட்டி அவருடைய தாடையைச் சற்றுக் கீழே இறக்கினார். “ஆங். அப்படி.”

அவ்வளவுதான் அவர் கொடுத்த சம்மதம். அது சம்மதமா என்பதுகூட நளினி அக்காவுக்குத் தெளிவாகத் தெரியவில்லை.

அதன் பிறகு அவர் நாள் முழுக்கக் கண்ணாடி முன்னால் தலையைச் சாய்த்துக்கொண்டிருந்தார். எங்கள் வீட்டு ஜன்னலிலிருந்து அது தெரியும். கழுத்துப் பிடித்துக்கொண்டது என்று நினைத்து என் அம்மா என்னிடம் தைலம் கொடுத்தனுப்பினார். அவர் வாங்கித் தேய்த்துக்கொண்டார். உண்மையிலேயே பிடித்துக்கொண்டுதான் இருந்தது. தாள்களை வரிசையாக விரலால் சுண்டிக் காட்டினார். ஒரு பிள்ளை கண் விழிக்கிறாள். கண் எங்கேயோ போகிறது. உடனே தலை மறுபக்கம் சாய்கிறது. கண் செய்கிற தப்பைக் கழுத்து சரிசெய்கிற மாதிரி இருந்தது. முன்பு வரைந்தவையெல்லாம் முகங்கள். இது ஒரு ஆள்.

மாமாவுக்குக் காட்டவில்லையா என்று கேட்டேன். போன் பண்ணினாராம். “அங்கேயே வந்து பாத்துக்கறேன்” என்று வைத்துவிட்டாராம்.

ஞாயிற்றுக்கிழமை கோயில் பூசையும் சாப்பாடும் முடிந்து படம். மண்டபத்து ஜன்னல்களில் கைலிகளைக் கட்டி இருட்டாக்கியிருந்தார்கள். காற்றாடி சுற்றியும் வேர்த்தது. இருளப்பன் மாமா வெள்ளைச் சட்டையில், தலையைச் சீவி, இரண்டாவது வரிசையில் நடுவில் உட்கார்ந்தார். புவனேசன் கடைசியில், வெளியே போகிற கதவுக்குப் பக்கத்தில் ஒரு நாற்காலியைப் பிடித்துவைத்திருந்தார். ஓட வேண்டியிருந்தால் வசதி என்று என்னிடம் சொன்னார். விளையாட்டாகச் சொல்கிற மாதிரி தெரியவில்லை.

திரையில் அந்தச் சிவந்த போட்டோ வந்தது. ரொம்ப நேரம் அசையவே இல்லை. யாரோ மூக்கை உறிஞ்சினார்கள். பின் வரிசையில் நின்ற ஒருவர் கண் சிமிட்டினார். திரும்பினார், ஒரு தட்டை எடுத்தார், நின்றபடி சாப்பிட ஆரம்பித்தார். “எங்கப்பா” என்று இருட்டில் ஒரு குரல் கேட்டது, சாதாரணமாக, கடைத்தெருவில் பார்த்ததுபோல. அப்புறம் ஒவ்வொருவராகப் போனார்கள். பூட்ஸ் கவிழ்ந்தது, அட்டை விழுந்தது. கிழவர் கோழிகளைத் துரத்தியபோது மண்டபம் சிரித்தது. கோழிகளின் பெயர்களை ஆளுக்கு ஒன்றாகச் சொல்லிச் சிரித்தார்கள். நளினி அக்காவின் அம்மா பேசிக்கொண்டே போனார். படத்தில் சத்தம் கிடையாது. ஆனால் வாய் ஓயவே இல்லை. அதற்கும் சிரித்தார்கள். மூக்குச்சளி விரலை மூக்கிலிருந்து எடுத்து, யோசித்து, மறுபடியும் உள்ளே விட்டபோது கைதட்டினார்கள்.

நான் நளினி அக்காவைத் திரும்பிப் பார்த்தேன். புரொஜக்டர் பக்கத்தில் நின்றிருந்தார். அவர் முகத்தில் சந்தோஷம் இல்லை. மண்டபம் சிரித்துப் பழகிவிட்டது. அடுத்து வரப்போவது அந்தப் பிள்ளை.

ராக்காயியும் இருளப்பனும் கடைசியாக எழுந்து போனார்கள். திரையில் பெட்டி மட்டும் இருந்தது. கூட்டம் நின்ற இடத்தில் வெறும் செம்மண். உமாராணி கண்ணைத் திறந்தாள். எழுந்து உட்கார்ந்தாள். யாரும் இல்லை. தேடினாள். இடது கண் விலகி ஓடியது, தாடை இறங்கியது, தலை தோள் பக்கம் சாய்ந்தது. அவள் மண்டபத்தைப் பார்த்தாள்.

சிரிப்பு நின்றுவிட்டது. அவள் பார்வை போன பக்கம், தண்ணீர்ப் பானை வைத்திருந்த சுவரோரம், ஒரு வரிசையில் இருந்தவர்கள் என்ன ஏது என்று திரும்பிப் பார்த்தார்கள். அவர்கள் திரும்புவதைப் பார்த்து மற்றவர்களும் திரும்பினார்கள். அந்த ஓரத்தில் உட்கார்ந்திருந்த ஒரு அம்மா, தன்னைத்தான் என்று நினைத்து, “என்னாம்மா?” என்று கேட்டுவிட்டார்.

கேட்டதும் அவருக்கே தெரிந்துவிட்டது. முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார். பின்னாலிருந்து ஒருவர் சிரித்தார். அப்புறம் இன்னொருவர். பழைய தோட்டத்து ஆட்கள் எல்லாரும் சிரித்தார்கள். சிலர் சிரித்துக்கொண்டே கண்ணைத் துடைத்தார்கள். பிள்ளைகளுக்கும் என்னைப் போன்றவர்களுக்கும் எதற்கென்று முதலில் விளங்கவில்லை. கதவுப் பக்கம் புவனேசன் எழுந்து நின்றுவிட்டார். சிரிக்காமல், இரண்டாவது வரிசையையே பார்த்துக்கொண்டு.

இருளப்பன் மாமா திரும்பவில்லை. யார் சிரிக்கிறார்கள் என்றும் பார்க்கவில்லை. அவருடைய தலை திரையில் இருந்த தலையைப் போலவே மெல்லச் சாய்ந்தது.

“அங்க இல்ல” என்றார். யாரிடமும் கோபமாக இல்லை. பிறகு திரையைப் பார்த்து, பக்கத்தில் இருந்தவர்களுக்கு மட்டும் கேட்கிற குரலில், “இங்கதாம்மா இருக்கேன்” என்றார்.

படம் முடிந்து, ஜன்னல்களில் கட்டியிருந்த கைலிகளை அவிழ்க்கும்வரை அவர் தலையை நிமிர்த்தவில்லை.